இருபத்து மூன்றாம் இடம்

ராமநாதன் கிருஷ்ணனைப் பற்றிப் பேச்சு வந்தால் எல்லோரும் 1959-ல் வந்து நின்றுவிடுகிறார்கள். உலகத்தின் சிறந்த டென்னிஸ் ஆட்டக்காரர்களை ஒப்பந்தம் போட்டுப் பிடித்து ஊர் ஊராக அழைத்துப்போய் ஆடவைத்த ஜாக் கிராமர் என்ற அமெரிக்கர், அந்த வருஷம் கிருஷ்ணனுக்கு மூன்று வருஷத்துக்கு 1,50,000 டாலர் தருவதாகச் சொன்னார். கிருஷ்ணன் வேண்டாமென்றார். அன்றைய மாற்று விகிதம் டாலருக்கு 4 ரூபாய் 76 காசு. வங்கிக் குமாஸ்தாவாகப் பிழைக்கிறவனுக்கு இந்தக் கணக்கைப் போடாமல் மேலே போக முடியாது. ஏழு லட்சத்துப் பதினாலாயிரம் ரூபாய். வேண்டாமென்றவருக்கு வயது 22.

காரைக்குடிக்காரன் காதில் ‘மூன்று வருஷம்’ என்ற சொல் கொஞ்சம் வேறு மாதிரி விழும். பர்மாவுக்கும் மலேயாவுக்கும் இங்கிருந்து கொண்டு விற்கப் போன காலத்தில் கடை ஏஜெண்டுகள் போனது பெரும்பாலும் மூன்று வருஷக் கணக்கில்தான். சம்பளம் பேசி, முன்பணத்தை வீட்டில் கொடுத்துவிட்டு, கப்பலேறி, தவணை முடிந்ததும் ஐந்தொகை போட்டுக் கணக்கை ஒப்படைத்துவிட்டு ஊர் திரும்புவார்கள். அந்த மூன்று வருஷமும் ஆள் முதலாளியுடையவர். கிராமர் நீட்டியதும் அந்த மாதிரி ஒரு சீட்டுதான். கையெழுத்துப் போட்டால் விம்பிள்டன் கிடையாது, டேவிஸ் கோப்பை கிடையாது. இரண்டும் அப்போது அமெச்சூர்களுக்கு மட்டுமே உரியவை.

அதே 1959-ல்தான் சி.சு. செல்லப்பா ‘எழுத்து’ பத்திரிகையைத் தொடங்கினார். இரண்டுக்கும் சம்பந்தம் எதுவும் இல்லை. ஆனால் நம்மைப் போன்றவர்கள் மனத்தில் இவை ஒரே அலமாரியில் போய் உட்கார்ந்துகொள்கின்றன: பணத்தை வேண்டாமென்ற கலைஞன், கைக்காசைப் போட்டுப் பத்திரிகை நடத்திய எழுத்தாளன். நம் வட்டத்துக்கு இதைவிடப் பிடித்த கதை கிடையாது. காரணம் எளிது. நம்மை யாரும் விலைக்குக் கேட்டதில்லை. மறுக்க எதுவும் வந்து சேராதவர்கள் மறுத்தவர்களின் கதையை ஆசையாகச் சொல்லிக்கொள்கிறோம்.

நான் எழுத நினைப்பது அவருடைய மகன் ரமேஷ் கிருஷ்ணனைப் பற்றி. ரமேஷுக்கு மறுப்பதற்கான வாய்ப்பே இல்லை. அவர் ஆட வந்தபோது அமெச்சூர் என்ற ஸ்தானமே டென்னிஸின் மேல்தளத்தில் இருக்கவில்லை. சந்தைக்குள் இறங்கித்தான் ஆகவேண்டும். இறங்கினார், பதினைந்து வருஷம் போல அங்கே இருந்தார். ஆனால் கையில் எடுத்துக்கொண்டு போனது சந்தை உருவாகும் முன்பே உருவான ஓர் ஆட்டம். இதில் இருக்கிற சிக்கல் அப்பாவின் மறுப்பில் இருப்பதைவிடப் பெரிது என்பது என் அபிப்பிராயம். மகனைப் பற்றித் தமிழில் உருப்படியாக எதுவும் என் கண்ணில் பட்டதில்லை. விஜய் அமிர்தராஜைத் தெரிந்தவர்கள் அதிகம். அவர் 1983-ல் ஜேம்ஸ் பாண்ட் படத்திலேயே நடித்துவிட்டார். லியாண்டர் பயஸைத் தெரியாதவர்களே இல்லை. இந்த இருவருக்கும் நடுவில் ரமேஷ் ஒரு அடைப்புக்குறிக்குள் இருக்கிறார்.

முதலில் அமெச்சூர் என்ற சொல்லைச் சுற்றியிருக்கிற புகையைக் கொஞ்சம் விலக்கவேண்டும். 1968 வரையில் டென்னிஸ் இரண்டு வீடாகப் பிரிந்து கிடந்தது. ஒரு பக்கம் விம்பிள்டன் முதலிய பெரிய போட்டிகள். கோப்பை உண்டு, பணப்பரிசு கிடையாது. மறுபக்கம் கிராமரைப் போன்றவர்களின் கம்பெனி. நாடகக் கம்பெனி என்றே சொல்லலாம்; இன்று ஓர் ஊர், நாளை ஓர் ஊர், மரப்பலகைத் தரையில் கித்தானை விரித்து இரவு ஆட்டம். விம்பிள்டனை வென்றவன் அடுத்த வருஷம் கம்பெனியில் சேர்ந்துவிடுவான். சேர்ந்த நாளிலிருந்து விம்பிள்டன் வாசலுக்குள் அவனுக்கு இடமில்லை. லூ ஹோட், கென் ரோஸ்வால் எல்லோரும் போன வழி அது. 1962-ல் நான்கு பெரிய பட்டங்களையும் ஒரே வருஷத்தில் வென்ற ராட் லேவரும் அந்த வருஷத்தோடு போய்விட்டார். இந்தப் பக்கம் மிஞ்சிய அமெச்சூர்கள் எல்லோரும் பணத்தைத் தொடாத முனிவர்களுமில்லை. ‘செலவுக்கு’ என்று கவரில் பணம் கைமாறுவது ஊரறிந்த ரகசியம். கடைசியில் 1967 டிசம்பரில் ஆங்கிலேயர்களே இந்த வேஷம் போதும் என்று முடிவெடுத்தார்கள். 1968 ஏப்ரலில் போர்ன்மவுத்தில் முதல் திறந்த போட்டி நடந்தது. அந்த வருஷ விம்பிள்டனில் லேவர் திரும்பி வந்து ஜெயித்து 2,000 பவுண்ட் வாங்கிக்கொண்டார்.

இதைச் சொல்வதற்குக் காரணம் உண்டு. அப்பா கிருஷ்ணன் விம்பிள்டன் அரையிறுதிக்கு இரண்டு முறை போனார்: 1960-ல் நீல் ஃப்ரேஸரிடம் தோற்றார், 1961-ல் லேவரிடம். 1961 கால் இறுதியில் ராய் எமர்ஸனை நேர் ஸெட்களில் தோற்கடித்தார். 1962-ல் அவருக்கு நான்காம் தரவரிசை கொடுத்திருந்தார்கள். கணுக்கால் காயத்தால் நடுவில் விலக நேர்ந்தது. 1966 டேவிஸ் கோப்பையில் கல்கத்தாவில் பிரேஸிலின் தாமஸ் கோக்குக்கு எதிராக, இரண்டு ஸெட்டுக்கு ஒன்று பின்தங்கி, நான்காவதில் 2-5 என்று கிடந்த ஆட்டத்தை மீட்டு ஜெயித்தது ஒரு தலைமுறையின் பொது ஞாபகம். இதில் எதையும் குறைத்துப் பேசுவது என் நோக்கமல்ல. ஆனால் 1960-61 விம்பிள்டனில் கோன்ஸாலஸ் இல்லை, ரோஸ்வால் இல்லை, ஹோட் இல்லை. அவர்கள் கம்பெனியில் இருந்தார்கள். ரமேஷ் 1986 விம்பிள்டனில் கால் இறுதிக்கு வந்தபோது எந்தக் கதவும் யாருக்கும் பூட்டியிருக்கவில்லை. அப்பாவின் அரையிறுதி, மகனின் கால் இறுதி என்று ஏணிப்படி எண்ணுகிறவர்கள் இதையும் சேர்த்து எண்ணவேண்டும்.

இனி ஆட்டத்துக்கு வருகிறேன். இது மூன்று தலைமுறை ஆட்டம். தாத்தா டி.கே. ராமநாதன் தானும் பெயர் சொல்லும்படியான ஆட்டக்காரர். மகனுக்குக் கற்றுக்கொடுத்தார், பிறகு பேரனுக்கும் கற்றுக்கொடுத்தார். 1954-ல் மகன் விம்பிள்டன் ஜூனியர் பட்டம் வாங்கினார். அந்தப் பட்டத்தை வாங்கிய முதல் ஆசியர் அவர். 25 வருஷம் கழித்து, 1979-ல், பேரன் அதே பட்டத்தையும் பிரெஞ்சு ஜூனியர் பட்டத்தையும் ஒரே வருஷத்தில் வாங்கினார். சங்கீதத்தில் பாடாந்தரம் என்கிறோமே, அந்தச் சொல்லை இங்கே கொஞ்சமும் கூச்சமில்லாமல் உபயோகிக்கலாம். பந்து தரையில் பட்டு எழும்பும்போதே, உச்சிக்குப் போகவிடாமல், அதைச் சந்திப்பது. மட்டையைப் பின்னால் அதிகம் இழுக்காமல் வந்த வேகத்தையே திருப்பிக் கொடுப்பது. எதிராளி எங்கே இல்லையோ அங்கே பந்தை வைப்பது. அடிப்பது என்ற வினைச்சொல் இதற்குப் பொருந்தாது. வைப்பதுதான். ஆங்கிலப் பத்திரிகைகள் அப்பா காலத்தில் இதற்குக் கீழ்த்திசை மாயம், வசீகரம் என்ற தினுசில் பெயர் வைத்தன. நாமும் அதைப் பாராட்டு என்று எடுத்துக்கொண்டோம். பந்து எங்கே எழும்பும், எவ்வளவு எழும்பும் என்று நொடியில் கணக்கிடும் மூளை வேலையை மாயம் என்றால், அவன் மூளையை ஒப்புக்கொள்ள மனமில்லை என்று அர்த்தம். இது தனியாக எழுதவேண்டிய விஷயம்.

இந்தப் பாடாந்தரத்தில் ஒரு பெரிய பள்ளம் உண்டு. ஸர்வீஸ். அப்பாவிடமும் பலமான ஸர்வீஸ் கிடையாது, மகனிடமும் கிடையாது. ரமேஷின் பழைய ஒளிப்பதிவுகளைப் பார்க்கிறவர்களுக்கு முதலில் சிரிப்பு வரும். இரண்டாவது ஸர்வீஸைப் பார்த்தால் பூங்காவில் யாரோ பந்து எடுத்துக் கொடுப்பது போல இருக்கும். ‘ஒரு ஸர்வீஸ் மட்டும் இருந்திருந்தால்...’ என்று எழுதாத விளையாட்டு விமர்சகர் இல்லை. இந்த வாக்கியம் எனக்கு அலுப்பூட்டுகிறது. நம் பத்திரிகைகளில் கவிஞனைப் பார்த்து ‘ஒரு நாவல் மட்டும் எழுதியிருந்தால்’ என்கிற ரகம் இது. டென்னிஸில் எதிராளிக்குப் பதிலாக இல்லாமல் ஆட்டக்காரன் தானே தொடங்குகிற அடி ஸர்வீஸ் ஒன்றுதான். மற்ற எல்லாமே பதில்கள். ரமேஷின் ஆட்டம் முழுக்கவும் பதில்களால் ஆனது. எதிராளி பேசவேண்டும், அப்போதுதான் இவருக்குச் சொல்ல எதாவது இருக்கும். எதிராளி வேகமாகப் பேசினால் இவர் பதில் இன்னும் கூர்மையாகும். எதிராளி ஒரே சொல்லில், அதாவது தொட முடியாத ஸர்வீஸில், உரையாடலையே முடித்துவிட்டால் இவரால் ஒன்றும் செய்ய முடியாது. பலவீனம் என்று சொல்லப்படுவதும் பலம் என்று சொல்லப்படுவதும் இங்கே ஒரே இடத்திலிருந்து புறப்படுகின்றன.

1981 அமெரிக்க ஓப்பன் கால் இறுதியை எடுத்துக்கொள்ளலாம். வயது 20. எதிரே ஜான் மெக்கன்ரோ, அந்த வருஷ விம்பிள்டன் சாம்பியன், அமெரிக்காவிலும் இரண்டு வருஷமாகப் பட்டம் வைத்திருப்பவர். முதல் ஸெட்டை ரமேஷ் டைபிரேக்கரில் எடுத்தார். இரண்டாவதும் டைபிரேக்கர், அது மெக்கன்ரோவுக்குப் போனது. அங்கேதான் ஆட்டம் திரும்பியது. அடுத்த இரண்டு ஸெட்டும் 6-4, 6-2. மெக்கன்ரோவின் கையும் மெல்லத் தொட்டு வைக்கிற கைதான். ஆனால் அவரிடம் இடது கை ஸர்வீஸ் ஒன்று கூடவே இருந்தது. நெருக்கடியான புள்ளியில் அவர் பேச்சைத் தானே தொடங்க முடிந்தது. இவர் காத்திருக்க வேண்டியிருந்தது. மெக்கன்ரோ அந்தப் பட்டத்தையும் வென்றார்.

அது மரமட்டைகளின் கடைசி வருஷங்கள். அந்த 1981-க்குப் பிறகு விம்பிள்டன் ஆண்கள் பட்டத்தை மரமட்டையோடு யாரும் வெல்லவில்லை. கிராஃபைட் வந்தது, மட்டையின் முகம் பெரிதானது, எடை குறைந்தது. மரமட்டையில் நடுவில் ஒரு சிறிய வட்டத்தில் பட்டால்தான் பந்து சொன்னபடி கேட்கும். புதிய மட்டையில் ஓரத்தில் பட்டாலும் போய்ச் சேரும். இதன் விளைவு சாதாரணமானதல்ல. சரியாக வைக்கத் தெரிந்தவனுக்கு இருந்த அனுகூலம் தேய்ந்து, ஓங்கி வீசத் தெரிந்தவனுக்குப் போயிற்று. 1985-ல் 17 வயது போரிஸ் பெக்கர் விம்பிள்டனை வென்றபோது அது ஒரு பையனின் வெற்றி மட்டுமல்ல, ஒரு மூலப்பொருளின் வெற்றியும்கூட. அச்சுக்கோப்பு போய்க் கணினி வந்தபோது நம் சிறுபத்திரிகைகளுக்கு நடந்ததோடு ஒப்பிடலாமா என்று யோசித்தேன். ஒப்பு சரிவராது, நமக்கு வேலை எளிதானது, ரமேஷுக்குக் கடினமானது. 1986 விம்பிள்டன் கால் இறுதியில் அவர் தோற்றது யூகோஸ்லாவியாவின் ஜிவோஜினோவிச்சிடம். பெரிய உடம்பு, பெரிய ஸர்வீஸ். 1987 அமெரிக்க ஓப்பனில் மறுபடி கால் இறுதி, எட்பெர்க்கிடம் தோல்வி. பெரிய போட்டிகளில் மூன்று கால் இறுதிகள். அதற்கு மேல் இல்லை.

1985 ஜனவரியில் உலகத் தரவரிசையில் 23ஆம் இடம். அதுதான் உச்சம். இந்த எண்ணைப் பற்றிக் கொஞ்சம் சொல்லவேண்டும், ஏனென்றால் தொழில்முறை ஆட்டக்காரனின் வாழ்க்கை இந்த எண்ணுக்குள்தான் கழிகிறது. அப்பா காலத்தில் தரவரிசை என்பது லண்டனில் ஒரு பத்திரிகையாளர் வருஷக் கடைசியில் உட்கார்ந்து யோசித்து எழுதும் பட்டியல். அதில் ரசனைக்கு இடமுண்டு, பாரபட்சத்துக்கும் இடமுண்டு. 1973 ஆகஸ்டிலிருந்து கம்ப்யூட்டர் வந்துவிட்டது. கடந்த 52 வாரங்களின் கணக்குதான் கணக்கு. போன வருஷம் இதே வாரம் எடுத்த புள்ளி இந்த வருஷம் இதே வாரம் பேரேட்டிலிருந்து தானாக உதிர்ந்துவிடும். எங்கள் தொழிலில் இப்படி ஒரு சேமிப்புக் கணக்கு இருந்தால் ஒருவரும் பணம் போடமாட்டார்கள். போட்ட பணம் வருஷம் முடிந்ததும் காணாமல் போகும்; இருப்பை அதே அளவில் வைத்திருக்க வேண்டுமானால் அதே தொகையை மறுபடி கட்டிக்கொண்டே இருக்கவேண்டும். இந்தக் கணக்கில் எந்த அடியை எப்படி அடித்தாய் என்று ஒரு பத்தி கிடையாது. பெக்கரின் இடிபோன்ற ஸர்வீஸுக்கும் ரமேஷ் வலைக்கு அருகில் அரைவாலியில் எடுத்து வைத்த பந்துக்கும் ஒரே மதிப்பு.

இந்தப் பேரேட்டின் முன்னால் ரமேஷ் தன் ஆட்டத்தை மாற்றிக்கொள்ளவில்லை என்பதுதான் என்னை இந்தக் கட்டுரைக்கு இழுத்த விஷயம். வாரா வாரம் வேறு ஊர். முதல் சுற்று, இரண்டாம் சுற்று, விமானம். ஒற்றையரில் எட்டுப் பட்டங்கள். எதுவும் பெரிய ஊர்த் திருவிழாவல்ல, மணிலா, ஆக்லாந்து, வெலிங்டன் மாதிரியான இடங்கள். தொழில் வாழ்க்கை முழுக்கவும் சேர்த்துப் பரிசுப்பணம் 12 லட்சம் டாலருக்கு மேல் என்று பதிவாகியிருக்கிறது. அப்பா மறுத்த தொகையின் எட்டு மடங்கு என்று உடனே வகுத்துப் பார்க்கத் தோன்றும். ஆனால் இது வரவுப் பக்கம் மட்டும். விமானக் கட்டணம், விடுதி, வரி எல்லாவற்றையும் அவரவரே கட்டவேண்டிய தொழில் அது. பற்றுப் பக்கத்தை எந்தப் பத்திரிகையும் அச்சிடுவதில்லை. ஐந்தொகை போடத் தெரிந்த ஊர்க்காரன் என்ற முறையில் இதற்கு மேல் அந்த எண்ணை நான் நம்பமாட்டேன்.

இதைச் சொல்லும்போது எங்கள் கிளையில் வேலை பார்த்து ஓய்வு பெற்ற ஒருவர் நினைவுக்கு வருகிறார். பூப்பந்தாட்டக்காரர், விளையாட்டு ஒதுக்கீட்டில் எழுபதுகளின் கடைசியில் வேறு ஒரு வங்கியில் சேர்ந்தவர். அவர் ஒரு நாள் சொன்னார்: “தம்பி, பந்தடிச்சதுக்கு வேலை குடுத்தாக. வேலை பந்தடிக்க விடலை.” நம் நாட்டில் அமெச்சூராக இருப்பதன் நடைமுறை அர்த்தம் இதுதான். நானும் மாலை ஐந்தரைக்கு மேல் விமர்சகன். ஆகவே அமெச்சூரின் தூய்மையைப் பற்றி எனக்குப் பாடம் எடுக்க வேண்டியதில்லை. எழுத்தால் சாப்பிடவேண்டிய நிலை எனக்கு இல்லை. அதனால் என் வாக்கியத்தை யாருக்காகவும் வளைக்கவில்லை என்று நான் பெருமை பேசுவது சுலபம். வளைக்கச் சொல்லி யாரும் கேட்கவில்லை. அப்பா கிருஷ்ணன் ஒரு தடவை வேண்டாமென்றார். மகன் வேண்டுமென்று சொல்லி உள்ளே போய், பிறகு ஒவ்வொரு வாரமும், ஒவ்வொரு பந்திலும், தன் கையை வேறு மாதிரி ஆக்கிக்கொள்ளச் சொன்ன ஒரு சூழலுக்கு நடுவில் அதே கையோடு ஆடினார். வேறு மாதிரி ஆட அவரால் முடியவில்லை, அதனால்தான் மாறவில்லை என்று ஒருவர் வாதாடலாம். இருக்கலாம். பாணி என்று நாம் சொல்வது எப்போதாவது வேறாக இருந்திருக்கிறதா என்று அவரை நான் திருப்பிக் கேட்பேன்.

இரண்டு நிகழ்ச்சிகளைச் சொல்லவேண்டும். ஒன்று, 1987 அக்டோபர், ஸிட்னி. டேவிஸ் கோப்பை அரையிறுதி, ஆஸ்திரேலியாவின் சொந்தப் புல்தரை. ஜான் ஃபிட்ஸ்ஜெரால்டை ரமேஷ் முதலிலேயே தோற்கடித்திருந்தார். கணக்கு 2-2 என்று வந்து நின்றபோது கடைசி ஆட்டம் அவருக்கும் வாலி மஸுருக்கும். நேர் ஸெட்களில் ரமேஷ் ஜெயித்தார். இந்தியா இறுதிக்குப் போனது. புல்தரையில் பந்து தாழ எழும்பும். தாழ எழும்பும் பந்து அந்தக் கைக்கு உறவு. இறுதி ஆட்டத்தை ஸ்வீடன் கோத்தன்பர்க்கில் நடத்தியது. கூரைக்கு அடியில் களிமண் கொண்டுவந்து பரப்பித் தரை செய்தார்கள். பந்து உயரமாகவும் மெதுவாகவும் வந்தது. 5-0.

மற்றது, 1989 ஜனவரி, மெல்பர்ன். ஆஸ்திரேலிய ஓப்பன் இரண்டாவது சுற்று. எதிரே மாட்ஸ் விலாண்டர். முந்தைய வருஷம் நான்கு பெரிய பட்டங்களில் மூன்றை வென்று உலகத்தின் முதல் இடத்தில் இருந்தவர், அந்தப் போட்டியின் நடப்புச் சாம்பியன். கோத்தன்பர்க்கில் ரமேஷைத் தோற்கடித்தவரும்கூட. ரமேஷ் 6-3, 6-2, 7-6 என்று வென்றார். புல்தரையுமில்லை, முந்தைய வருஷம்தான் அந்தப் போட்டி புல்லைவிட்டுக் கடினத் தரைக்கு மாறியிருந்தது. விலாண்டர் ஒரே சொல்லில் பேச்சை முடிக்கிற ஆளல்ல. பத்து, இருபது, முப்பது என்று பந்தைத் திருப்பிக்கொண்டே இருப்பவர். நீண்ட உரையாடல்காரர். அப்படிப்பட்டவரிடம்தான் ரமேஷுக்குச் சொல்வதற்கு எல்லாம் இருந்தது. விலாண்டரின் நீண்ட வாக்கியங்களை ஒவ்வொன்றாக நடுவில் வெட்டினார். பந்து எழும்புமுன் எடுத்தார், ஒரு நொடி முன்னதாக, அந்த ஒரு நொடி போதுமானதாக இருந்தது. அதே போட்டியில் அவர் கால் இறுதியைத் தொடவில்லை. பேரேட்டில் இரண்டாவது சுற்று வெற்றிக்கு என்ன உண்டோ அதோடு, முதல் இடத்துக்காரரைத் தோற்கடித்ததற்கான சில்லறையும் ஏறியிருக்கும். 52 வாரத்தில் உதிர்ந்தும் இருக்கும்.

1992 பார்ஸலோனா ஒலிம்பிக்ஸில், 19 வயது லியாண்டர் பயஸோடு சேர்ந்து இரட்டையரில் கால் இறுதி வரை போனார். 1993-ல் பிரான்ஸில், ஃப்ரேஜூஸ் என்ற ஊரில், அவர்களுடைய களிமண்ணிலேயே பிரான்ஸை 3-2 என்று வென்ற டேவிஸ் கோப்பை அணியில் இருந்தார். அந்த வருஷமே ஆட்டத்தை நிறுத்திக்கொண்டார். வயது 32. ஏழு லட்சத்துப் பதினாலாயிரத்தை வேண்டாமென்ற அப்பா சென்னையில் சமையல் எரிவாயு ஏஜென்ஸி நடத்தியவர். 1995-ல் இருவரும் சேர்ந்து அதே ஊரில் ஒரு டென்னிஸ் பயிற்சி மையம் தொடங்கினார்கள்.